மூன்றாவது ஜன்னல்

ஒரு ஆளைக் கண்ணில் படாமல் செய்ய வேண்டுமென்றால் அவன் முகத்தில் கை வைக்கக் கூடாது. ஒட்டு மீசையும் கண்ணாடியும் நாடக மேடைக்குச் சரி. நான் எப்போதும் காலணியில் தொடங்குவேன். யாரைப் பார்த்தாலும் நம் கண் ஒருமுறை கீழே போய்த்தான் மேலே வரும். காலணி பொருந்திவிட்டால் மேலே உள்ளதையும் நம்பிவிடும். அடுத்தது தோள். கோட்டின் தோள் தையல் எலும்புக்கு ஒரு விரல் வெளியே விழுந்தால், அது வேறு யாருடைய கோட்டோ என்று தோன்றும். போர் முடிந்த வருஷத்தில் எல்லாரும் வேறு யாருடைய கோட்டையோதான் போட்டிருந்தார்கள். மூன்றாவது, பைகள். புதுக் கோட்டின் பை தட்டையாக இருக்கும். அதில் ஈர மணலை நிரப்பி ஒரு வாரம் தொங்கவிட்டால், பத்து வருஷம் குளிரில் உள்ளே கை விட்டு நடந்த ஆளின் பை மாதிரி வாய் பிளந்துகொள்ளும்.

"பானி லோதா, நீங்க பாடம் நடத்தி முடிக்கறதுக்குள்ள என்னைப் பிடிச்சுட்டுப் போயிடுவாங்க," என்றான் லுட்விக்.

"கையைத் தூக்கு."

"சரணடையறதுக்கா?"

"அக்குள்ல பிடிக்குதான்னு பாக்கறேன். வாயை மூடு."

பயம் வந்தால் நான் அதிகமாகப் பேசுவேன், அவன் கிண்டல் செய்வான். ஒரு வாரமாக இரண்டு பேரும் இதைத்தான் செய்துகொண்டிருந்தோம்.

போலந்தில், வூச் நகரத்தில் எங்கள் ஸ்டுடியோவின் உடைக்கிடங்கு நிலத்தடியில் இருந்தது. இரும்புக் கம்பிகளில் நூற்றாண்டு வாரியாகக் கோட்டுகள் தொங்கும். வாசல் பக்கம் பிரபுக்கள், நடுவில் முதல் உலகப் போர், கடைசியில் ஹிட்லர் காலம். பிரபுக்களின் கரடித்தோல் கோட்டுகளுக்குப் பின்னால் ஒரு ஆள் படுக்க இடம் உண்டு. லுட்விக் அங்கேதான் இருந்தான். ஸ்டுடியோவில் விளக்குப் பிரிவு அவன் பொறுப்பு. தொழிற்சங்கமும் அவன் பொறுப்புதான். எண்பத்தொன்றாம் வருஷம் டிசம்பரில் ராணுவச் சட்டம் வந்த அன்று அவன் வீட்டுக் கதவை உடைத்தார்கள். அவன் வீட்டில் இல்லை. பிறகு ஒவ்வொரு இடமாக மாறி, கடைசியில் நிலக்கரி கொட்டும் துவாரம் வழியாக என்னிடம் வந்து விழுந்தான். அகப்பட்டால் ராணுவ நீதிமன்றம், மூன்று வருஷமோ ஐந்து வருஷமோ. ஒளித்து வைத்தவளுக்கும் அதே நீதிமன்றம்தான்.

"ஒரு நல்லது நடந்திருக்கு," என்றான், தன் சட்டையை முகர்ந்தபடி. "இந்த அந்துருண்டை வாசனைக்கு, செத்தாலும் என்னைப் புழு தின்னாது."

பிப்ரவரியில் எங்கள் படத்துக்கு மட்டும் மறுபடி படப்பிடிப்பு நடத்த அனுமதி கொடுத்தார்கள். கதை நாற்பத்தைந்தாம் வருஷத்தில் நடக்கிறது, அகதிகள் ஊர் திரும்புகிறார்கள், இதனால் யாருக்கும் கெடுதல் இல்லை என்று மேலிடத்தில் முடிவு செய்திருப்பார்கள். படம் கறுப்பு வெள்ளை. வண்ணச் சுருள் எங்கும் கிடைக்கவில்லை என்பதுதான் காரணம். எங்கள் டைரக்டர் டிட்டுஸ் மட்டும் பேட்டிகளில், நினைவுக்கு நிறம் கிடையாது என்று சொல்லிக்கொண்டிருந்தார்.

அனுமதி வந்ததும் எனக்கு ஒரு வழி தெரிந்தது. வெஷ்ப்னிட்சா என்ற சின்ன ஸ்டேஷனில் ஒரு ஷாட். பழைய நீராவி எஞ்சின், நாலு பெட்டி, ஜன்னல்தோறும் முகங்கள். ரயில் பிளாட்பாரத்தை மெதுவாகக் கடந்து, வளைவைத் தாண்டி, பிர்ச் மரங்களுக்கு நடுவே போய் நிற்கும். பிறகு பின்னோக்கி வந்து சேரும். அந்த வளைவுக்கு அப்பால் ரயில் நிற்கும் இடத்தைப் பிளாட்பாரத்திலிருந்து யாராலும் பார்க்க முடியாது. எஞ்சின் ஓட்டுபவர் ஃபெலிக்ஸ், லுட்விக்கின் சங்கத்து ஆள். மரங்களுக்குப் பின்னால் ஒரு பனிச்சறுக்கு வண்டி நிற்க ஏற்பாடு செய்திருந்தார். துணை நடிகர்கள் எல்லாரும் ஓய்வு பெற்ற கிழவர்கள், கிழவிகள். அவர்களுக்கு நடுவே இன்னொரு பழைய கோட்டு போய் உட்கார்ந்தால் யாருக்குத் தெரியப் போகிறது?

காலையில் உடை வேனில் அவனை ஏற்றினேன். வேனுக்குள்ளும் கம்பிகளில் கோட்டுகள்தான் தொங்கும். ஒரு நீண்ட ஆட்டுத்தோல் கோட்டுக்குள் அவன் நின்றுகொண்டான். பொத்தானைப் போட்டு, கழுத்துப் பட்டையைத் தூக்கிவிட்டேன். காலுக்கு முன்னால் பூட்ஸ் கூடைகளை வைத்தேன்.

நகர எல்லையில் நிறுத்தினார்கள். சிப்பாய்கள் சாலையோரம் கரி அடுப்பில் கை காய்ச்சிக்கொண்டிருந்தார்கள். ஒருவன் பின்கதவைத் திறந்தான். மீசை முளைத்தும் முளைக்காத வயது.

"என்ன இதெல்லாம்?"

"சினிமாத் துணி."

அவன் உள்ளே ஏறி, கம்பியில் தொங்கிய கோட்டுகளை ஒவ்வொன்றாகத் தள்ளிக்கொண்டு வந்தான். ஹாங்கர்கள் கிரீச் கிரீச் என்று நகர்ந்தன. தொங்குகிற கோட்டைத் தள்ளினால் ஊஞ்சல் மாதிரி திரும்பி வரும். உள்ளே மனிதன் நிற்கும் கோட்டு திரும்பி வராது. இது எனக்குத் தெரியும், அவனுக்குத் தெரியாது என்று நினைத்தேன். ஆனால் கை தானே கண்டுபிடித்துவிடும் அல்லவா? ஆட்டுத்தோலுக்கு இரண்டு கோட்டுகள் முன்னால் அவன் நின்றான். மூக்கைச் சுருக்கினான். பலமாகத் தும்மினான். மறுபடி தும்மினான்.

"தூ! எப்படிம்மா இந்த நாத்தத்துல இருக்கீங்க?" என்று இறங்கிப் போய்விட்டான்.

கதவு மூடியதும் பூட்ஸ் கூடைமேல் உட்கார்ந்தேன். ஆட்டுத்தோலுக்குள்ளிருந்து மெல்லிய குரல் வந்தது. "அந்துருண்டைக்கு அரசாங்கப் பதக்கம் கொடுக்கணும்."

ஸ்டேஷனில் எங்களுக்குக் காவலாக லெப்டினன்ட் பிவோன் வந்திருந்தார். ராணுவச் சட்டத்தின்போது ஒவ்வொரு படப்பிடிப்புக்கும் இப்படி ஒருவர் உண்டு. நாற்பது வயது, சுத்தமாக மழித்த முகம், தோல் கையுறை. ராணுவ அதிகாரிகள் ஆண்களைப் பான் என்றோ பெண்களைப் பானி என்றோ மரியாதையாகக் கூப்பிட மாட்டார்கள். குடிமகளே என்பார்கள்.

"குடிமகளே, உங்க ஆளுங்க யாரும் ஸ்டேஷனை விட்டு வெளிய போகக் கூடாது."

"கிழங்க எங்க சார் போவாங்க, இந்தப் பனியில," என்றேன். குரல் எனக்கே வேறு யாருடையதோ போலக் கேட்டது.

துணை நடிகர்கள் பெட்டியில் உடை மாற்றுகிற நெரிசலில் லுட்விக் மூன்றாவது ஜன்னல் பக்கம் உட்கார்ந்துவிட்டான். கதவுக்குப் பக்கத்து இடம் அது. எதிரே பான் வாலன்டி என்ற பழைய டிராம் ஓட்டுநர். அவர் புதுமுகத்தை மேலும் கீழும் பார்த்தார். தன் ரொட்டியில் பாதியைப் பிய்த்துக் கொடுத்தார்.

எல்லாம் சரியாகப் போய்க்கொண்டிருந்தபோது டிட்டுஸ் கேமராவுக்குள் கண் வைத்துப் பார்த்துவிட்டுக் கத்தினார்.

"மூணாவது ஜன்னல் செத்துக் கிடக்கு! ஒரே சாம்பலாத் தெரியுது! லோதா! ஏதாவது பண்ணு!"

இங்கே என் தொழிலைப் பற்றிக் கொஞ்சம் சொல்ல வேண்டும். கறுப்பு வெள்ளைப் படத்தில் கூட்டம் என்றால் நரைத்த கஞ்சி மாதிரி ஆகிவிடும். கண் எங்கே போவது என்று தெரியாமல் திரையில் அலையும். அதனால் ஓர் இடத்தில் ஒரு வெளிச்சக் கீற்றையோ ஒரு இருட்டுக் கோட்டையோ போட்டு, கண்ணை அங்கே நிறுத்துவோம். இருபத்து மூன்று வருஷமாக டைரக்டர் "செத்துக் கிடக்கு" என்று கத்தினால் என் கை தானாகப் பைக்குள் போகும். அன்றும் போயிற்று. செங்கல் நிறத்தில் ஒரு மஃப்ளரை எடுத்துக்கொண்டு பெட்டியில் ஏறி, அவன் கழுத்தில் சுற்றி, ஒரு முனையைத் தோளுக்குப் பின்னால் தள்ளி, கொஞ்சம் பின்வாங்கி நின்று அழகாக இருக்கிறதா என்று பார்த்தேன்.

அழகாகத்தான் இருந்தது. அந்த ரயிலில் நூறு முகங்களுக்கு நடுவே இப்போது ஒரே ஒரு முகம்தான் தெரிந்தது.

"பானி லோதா," என்று லுட்விக் உதடு அசையாமல் சொன்னான். "என்ன செஞ்சுட்டீங்க?"

அவிழ்க்கக் கையை நீட்டினேன். வெளியே "அருமை! தொடாதே, இறங்கு!" என்று டிட்டுஸ் கத்தினார். எஞ்சின் ஊதியது.

இறங்கி நேராக டிக்கெட் அறைக்குள் போய்விட்டேன். பிளாட்பாரத்தில் நின்றால் என் முகமே காட்டிக்கொடுத்துவிடும். கதவு இடுக்கு வழியாகப் பார்த்தேன். ரயில் புகைக்குள்ளிருந்து வந்தது. லெப்டினன்ட் கேமராவுக்குப் பக்கத்தில் நின்று ஜன்னல்களைப் பார்த்துக்கொண்டிருந்தார். மற்ற எல்லாருடைய கண்ணையும் போல அவர் கண்ணும் மூன்றாவது ஜன்னலில் போய் நின்றது. அதற்காகத்தானே நான் அதைச் சுற்றினேன்? ரயில் கடந்தது. வளைவில் மறைந்தது. இறங்கியிருப்பான், மரங்களுக்குள் போயிருப்பான் என்று மூச்சைவிட்டேன்.

அப்போது தண்ணீர்த் தொட்டிக்குப் பின்னாலிருந்து ஒரு சிப்பாய், இன்றைய ஹெல்மெட்டோடும் இன்றைய துப்பாக்கியோடும், நாற்பத்தைந்தாம் வருஷத்துக்குள் கொட்டாவி விட்டுக்கொண்டு நடந்து வந்தான்.

"கட்! எந்த முட்டாப்பய..." என்று ஆரம்பித்த டிட்டுஸ் ஆளைப் பார்த்ததும் விழுங்கினார். "தோழர் சிப்பாய் அவர்களே, கொஞ்சம் தள்ளி நிக்கறீங்களா... சரி. இன்னொரு டேக். வெளிச்சம் போறதுக்குள்ள. ரயிலைக் கூப்பிடு!"

இன்னொரு டேக். இதை நான் யோசிக்கவே இல்லை. சினிமாவில் இத்தனை வருஷம் இருந்துவிட்டு, எந்த ஷாட்டையும் ஒரே தடவையில் விட மாட்டார்கள் என்பதை எப்படி மறந்தேன் என்று இன்றும் புரியவில்லை. பயம் மூளையில் இருப்பதையெல்லாம் துடைத்துவிடும் போலிருக்கிறது.

ரயில் பின்னோக்கி வந்து நின்றது. ஹனோரட்டா பலகையும் பென்சிலுமாக ஜன்னல் ஜன்னலாக நடந்தாள். அவள் எங்கள் கன்டினியூட்டி பார்ப்பவள். ஒரே காட்சியைப் பலமுறை எடுக்கும்போது முதல் டேக்கில் எது எப்படி இருந்ததோ, இரண்டாவதிலும் அப்படியே இருக்கிறதா என்று பார்ப்பது அவள் வேலை. ஒருமுறை நடிகனின் சிகரெட் அரை விரல் நீளமாகிவிட்டது என்று படப்பிடிப்பையே நிறுத்தினாள். ஒரு பொத்தானைக்கூட மன்னித்ததில்லை.

"டைரக்டர்!" அவள் குரல் ஸ்டேஷன் முழுக்கக் கேட்டது. "மூணாவது ஜன்னல்ல மஃப்ளர் போட்ட ஆளைக் காணோம்!"

லெப்டினன்ட் தலையைத் திருப்பினார். "எந்த ஆள்?"

"சிவப்பா மஃப்ளர் சுத்தியிருந்தாரே. போகும்போது இருந்தார். இப்ப இடம் காலியா இருக்கு."

கதவு இடுக்கை இன்னும் ஒரு விரல் குறைத்தேன்.

பெட்டிக்குள்ளிருந்து பான் வாலன்டி தலையை நீட்டினார். "ஒதுங்கப் போயிருக்காரு, சார். வயசானா அடக்க முடியாது. அந்தப் பக்கமா இறங்கினாரு. உங்களுக்கும் ஒரு நாள் வரும்."

துணை நடிகர்கள் சிரித்தார்கள். லெப்டினன்ட் சிரிக்கவில்லை. தொட்டியருகே நின்ற சிப்பாயைக் கூப்பிட்டார். "தண்டவாளத்தோரமா நடந்து போய்ப் பாரு. ஆள் இருந்தா கூட்டிட்டு வா." பிறகு டிட்டுஸிடம், "அந்த ஆள் என்கிட்ட வரணும். அதுக்கு அப்புறம்தான் ஷாட்," என்றார்.

"வெளிச்சம் போகுது, லெப்டினன்ட்! இன்னிக்கு எடுக்கலைன்னா எஞ்சினுக்கு மறுபடி அனுமதி வாங்கணும். நீங்க கையெழுத்துப் போடறீங்களா? ஷாட் முடியட்டும். அப்புறம் எத்தனை பேரை வேணும்னாலும் கூட்டிட்டுப் போங்க. என்னையும்தான்!"

அதற்கு மேல் நான் கேட்கவில்லை. டிக்கெட் அறையின் பின்கதவு வழியாக வெளியேறி, கட்டடத்தைச் சுற்றி, கடைசிப் பெட்டிக்குப் பின்னால் தண்டவாளத்தைத் தாண்டினேன். யாரும் திரும்பிப் பார்க்கவில்லை. படப்பிடிப்பில் கையில் துணியோடு ஓடுகிற பெண்ணை யாரும் பார்ப்பதில்லை. மறுபக்கம் ஏறி மூன்றாவது ஜன்னலுக்கு வந்தேன். பெட்டியில் எல்லாரும் என்னைப் பார்த்தார்கள். ஒரு கிழவி காலை மடக்கி வழிவிட்டாள்.

பெட்டி மூலையில் உபரிக் கோட்டு மூட்டை இருந்தது. ஒன்றை இழுத்துப் போட்டுக்கொண்டேன். பான் வாலன்டி தன் தொப்பியைக் கழற்றி என் தலையில் வைத்து, என் முடியை உள்ளே தள்ளிவிட்டார். மஃப்ளர் வேண்டுமே! லுட்விக் அதைச் சுற்றிக்கொண்டே போய்விட்டான். பையில் வேறு இல்லை. நான் பச்சை நிறத்தில் கம்பளி ஸ்வெட்டர் போட்டிருந்தேன். கழுத்தில் தொங்கிய கத்திரிக்கோலை எடுத்து அதன் இடது கையைத் தோளோடு வெட்டினேன்.

"பச்சையா இருக்கே, பானி," என்று வாலன்டி கிசுகிசுத்தார்.

எனக்கு அந்த நிலையிலும் விளக்கம் சொல்ல வாய் வந்தது. "படச்சுருளுக்கு நிறம் தெரியாது, பான் வாலன்டி. இந்தச் சிவப்பும் இந்தப் பச்சையும் அதுக்கு ஒரே சாம்பல். நான் கண்ணாடி வெச்சுப் பாத்திருக்கேன்." ஒளிப்பதிவாளர்கள் வைத்திருக்கும் பழுப்புக் கண்ணாடி ஒன்று உண்டு. அதன் வழியே பார்த்தால் நிறங்கள் செத்து, வெளிச்சமும் இருட்டும் மட்டும் நிற்கும். செங்கல்லும் பாசியும் ஒன்றாகிவிடும்.

"லெப்டினன்ட் படச்சுருள் இல்லையே," என்றார் வாலன்டி. வெளியே டிட்டுஸின் கத்தல்தான் ஜெயித்திருக்க வேண்டும்.

எஞ்சின் ஊதியது.

ஸ்வெட்டர் கையை அதே மாதிரி சுற்றி, முனையைத் தோளுக்குப் பின்னால் தள்ளினேன். ரயில் நகர்ந்தது. கேமராவைப் பார்க்கக் கூடாது, மடியைப் பாருங்கள் என்று துணை நடிகர்களுக்கு நானே நூறு தடவை சொல்லியிருக்கிறேன். மடியைப் பார்த்தேன். கண்ணோரத்தில் டிட்டுஸ் போனார், ஹனோரட்டா போனாள், தோல் கையுறை ஒன்று மெதுவாகப் போயிற்று. கையுறை ஜன்னலோடு சேர்ந்து திரும்பியது. அதாவது அதற்கு உரியவர் தலையும் திரும்பியிருக்க வேண்டும். என் இதயம் அடிப்பது கோட்டுக்கு மேலே தெரியும் என்று நிஜமாகவே நம்பினேன்.

வளைவைத் தாண்டி ரயில் நின்றது. கதவைத் திறந்து பார்த்தேன். கீழே புதுப் பனியில் ஒரே ஒரு ஆளின் கால்தடம். படியிலிருந்து நேராக மரங்களுக்குள் போயிருந்தது, யாரோ விரலால் கோடு கிழித்தாற்போல. அந்த பூட்ஸின் அடித்தட்டை நான்தான் தேர்ந்தெடுத்தேன். குதிகாலில் லாடம் அடித்தது. லாடத்தின் வடிவம்கூடத் தெரிந்தது. தண்டவாளத்தோரமாக அந்தச் சிப்பாய் வளைவைத் திரும்பி எங்களை நோக்கி வந்துகொண்டிருந்தான்.

எனக்கு ஒன்றும் தோன்றவில்லை. வெறுமனே நின்றேன்.

பான் வாலன்டி என்னைத் தாண்டிக் குதித்தார். அந்த வயதில் அவருக்கு அந்தக் குதி எங்கிருந்து வந்ததோ! "வாங்கய்யா, வாங்கம்மா! இவ்வளவு தூரம் வந்தாச்சு. ஆம்பளைங்க இடது பக்கம், பொம்பளைங்க வலது பக்கம். டைரக்டர் மறுபடி எப்ப விடுவாரோ!"

பெட்டியே இறங்கியது. ஊன்றுகோலோடு, சால்வையோடு, முனகிக்கொண்டு, சிரித்துக்கொண்டு, பனியைக் கலக்கிக்கொண்டு மரங்களுக்குள் போனார்கள். பக்கத்துப் பெட்டிகளிலிருந்தும் இறங்கினார்கள். சிப்பாய் வந்து சேர்ந்தபோது பாட்டிகள் பாவாடையைத் தூக்கிக்கொண்டு குந்தியிருந்தார்கள்.

"என்ன தம்பி, வேடிக்கையா?" என்றாள் ஒருத்தி. "உங்கம்மாகிட்டச் சொல்லவா?"

அவன் காது சிவக்கத் திரும்பி, வந்த வழியே நடந்தான். பனியில் இப்போது ஒரு படை போன தடம் கிடந்தது.

திரும்பி வந்ததும் லெப்டினன்ட் பெட்டிப் படியடியிலேயே காத்திருந்தார். நான் தொப்பியைக் கழற்றிக்கொண்டு இறங்கினேன். வேறு வழியில்லை.

அவர் என்னைப் பார்த்தார். கோட்டைப் பார்த்தார். கழுத்தைப் பார்த்தார். "மஃப்ளர் போட்ட ஆள் எங்க?"

"நான்தான்."

"குடிமகளே!"

"ஒரு ஆள் குறைஞ்சுது, லெப்டினன்ட். ஜன்னல் காலியா இருந்தா டைரக்டர் கத்துவார். நானே உக்காந்தேன். ரெண்டு தடவையும். நடுவுல ஒதுங்கப் போனதும் நான்தான்."

"முதல் தடவை மஃப்ளர் சிவப்பு."

"நனைஞ்சு தொங்கிப் போச்சு. மாத்தினேன்."

அவர் என்னை விட்டுவிட்டு ஹனோரட்டாவிடம் திரும்பினார். "நீங்கதானே இதையெல்லாம் பாக்கறவங்க? முதல் தடவை அங்க உக்காந்திருந்தது இவங்களா?"

முதல் டேக்கின்போது நான் டிக்கெட் அறையில் இருந்தேன் என்பது ஹனோரட்டாவுக்குத் தெரியும். ரயில் கிளம்புவதற்குச் சற்று முன்புதான் அங்கே வந்து என் கையில் டீ டம்ளரைக் கொடுத்துவிட்டு, முகம் ஏன் இப்படி வெளுத்திருக்கு என்று கேட்டுவிட்டுப் போனாள். இப்போது அவள் என் கழுத்தைப் பார்த்தாள். மடிப்பை, முனையை, பின்னலை. ஸ்வெட்டரை அடையாளம் கண்டுகொண்டாள் என்று தெரிந்தது.

"இவங்கதான்," என்றாள். "அதுவும் உக்காந்திருக்கத் தெரியாம. முதல் டேக்ல தலையை ஆட்டிட்டே இருந்தாங்க. திட்டலாம்னு தேடினேன்."

"ஆள் ஆள்னு கத்தினீங்க. ஆம்பளை மாதிரி."

"தொப்பியும் கோட்டும் போட்டு, இந்த மூக்கையும் வெச்சுக்கிட்டா தூரத்துல யாருக்குத் தெரியும்?"

"அப்ப படத்துல பாத்துக்கலாம். முதல் டேக் பதிவாகியிருக்கு இல்லையா? அதைப் போட்டுக் காட்டுங்க."

அந்தச் சுருளில் லுட்விக்கின் முகம் இருந்தது. நான் கண்ணை நிறுத்தி வைத்த முகம்.

"தாராளமா," என்றாள் ஹனோரட்டா, பென்சிலைக் காதில் செருகியபடி. "ஆனா எடுத்ததையெல்லாம் நாங்க பிரதி போடறதில்ல. சுருள் பஞ்சம். நல்ல டேக்கை மட்டும்தான் போடுவோம். முதல் டேக்ல உங்க சிப்பாய் கொட்டாவி விட்டுட்டு நடந்து வர்றார். அதைப் பிரதி போட்டா அமைச்சகமும் பாக்கும். நாற்பத்தஞ்சாம் வருஷத்துல இவர் யாருன்னு கேப்பாங்க. போடணும்னு நீங்க எழுதிக் கொடுத்தா போடறேன்."

லெப்டினன்ட் கையுறையின் விரல்களை ஒவ்வொன்றாக இழுத்துவிட்டார்.

டிட்டுஸ் பாய்ந்து வந்தார். "என்ன பேசறே? முதல் டேக்தான் அழகு! சிப்பாய் வர்றதுக்கு முன்னாடியே வெட்டிக்கலாம்! அந்த மூணாவது ஜன்னல், அந்தப் புகை, அந்த முகம்..." அவர் பேச்சு பாதியில் நின்றது. என்னைப் பார்த்தார். என் கழுத்தில் சுற்றியிருந்த ஸ்வெட்டர் கையைப் பார்த்தார். அவருக்கும் லுட்விக்கைத் தெரியும். ஆறு படங்களுக்கு விளக்குப் போட்டவன். முகம் யாருடையது என்று அப்போதுதான் அவருக்கு உறைத்தது.

"ரெண்டாவது நல்லாயிருக்கு," என்றார். "ரெண்டாவதையே போடு."

சில நாள் கழித்து ஸ்டுடியோவின் சின்னத் திரையரங்கில் ரஷ் பார்த்தோம், அதாவது எடுத்த காட்சிகளின் முதல் பிரதியை. அந்த நாட்களில் நான் தூங்கியதாக நினைவில்லை. மாடிப்படியில் காலடி கேட்டால் கோட்டை எடுத்து மாட்டிக்கொண்டு கதவருகே உட்காருவேன். ஃபெலிக்ஸிடமிருந்து ஒரு சேதியும் இல்லை. கேட்கவும் முடியாது. லுட்விக் வண்டியில் ஏறினானா, வழியில் அகப்பட்டானா, ஒன்றும் தெரியாது.

லெப்டினன்ட் பிவோன் வந்திருந்தார். எனக்கு நேர் பின்வரிசையில் உட்கார்ந்தார். விளக்கணைந்தது.

கிளாப் பலகையில் "2" என்று தெரிந்தது. ரயில் புகையைக் கிழித்துக்கொண்டு வந்தது. சிவப்பும் பச்சையும் ஒரே சாம்பல் என்று நான் சொன்னது சரிதான். கழுத்தைச் சுற்றி அதே இருட்டுக் கோடு. ஆனால் வேறொன்றை அன்று நான் கவனிக்கவில்லை. தோளுக்குப் பின்னால் தள்ளியிருந்த முனை நழுவி முன்னால் விழுந்திருந்தது. அது ஸ்வெட்டரின் மணிக்கட்டு. வட்டமாக, இறுக்கமான பின்னலோடு, ஒரு சின்னப் பொத்தானோடு, திரையில் தட்டு அளவுக்குத் தொங்கியது. அரங்கில் இருந்தவர்கள் எல்லாரும் சினிமாக்காரர்கள். எல்லாரும் அதைப் பார்த்தார்கள். ஒரு நாற்காலிகூடக் கிரீச்சிடவில்லை.

"மறுபடி போடுங்க," என்றார் லெப்டினன்ட்.

மறுபடி போட்டார்கள். ரயில் வந்தது, பொத்தான் வந்தது, போயிற்று.

"அந்த மஃப்ளர்ல பொத்தான் இருக்கு."

பக்கத்தில் ஹனோரட்டா பென்சிலைச் சுழற்றுவதை நிறுத்தினாள். பதில் சொல்ல என் வாய் திறக்கவே இல்லை. இத்தனை விளக்கம் சொல்லும் வாய்!

"நாப்பத்தஞ்சுல கிடைச்சதைத்தான் கழுத்துல சுத்திக்கிட்டு வந்தாங்க, லெப்டினன்ட்," என்றார் டிட்டுஸ், திரும்பாமலே. "எங்கம்மா ஜெர்மன்காரன் வீட்டு ஜன்னல் திரையைச் சுத்திக்கிட்டு வந்தா. வளையத்தோட."

பின்னால் தோல் கையுறை ஒன்றோடொன்று உரசும் சத்தம் கேட்டது.

"இன்னொரு தடவை," என்றார் லெப்டினன்ட்.

ஆபரேட்டர் சுருளைப் பின்னோக்கிச் சுற்றினார். அந்த இருட்டில்தான் எனக்கு அது உறைத்தது. ஆளைப் பிடித்திருந்தால் இவர் ஏன் இங்கே உட்கார்ந்து ஒரு பொத்தானைப் பார்த்துக்கொண்டிருக்கிறார்? இன்னும் தேடுகிறார்கள். லுட்விக் எங்கேயோ, யாருடைய வீட்டிலோ, அந்துருண்டை நாற்றத்தோடு உட்கார்ந்திருக்கிறான்.

கைகளைத் தொடைக்கு அடியில் வைத்துக்கொண்டேன். திரையில் வெளிச்சம் விழுந்தது. புகைக்குள்ளிருந்து ரயில் மறுபடி வந்தது.